வெற்றிலை பாக்கு வராத இரண்டு பங்குனி

கலவைக்கும் திமிரிக்கும் நடுவில் எங்கள் ஊர். பழைய வடாற்காடு, அப்புறம் வேலூர் மாவட்டம், 2019 நவம்பரிலிருந்து ராணிப்பேட்டை மாவட்டம். ஊர் என்னவோ அதே இடத்தில்தான் இருக்கிறது. தெருக்கூத்தில் இருபத்திரண்டு வருஷமாகக் கட்டியங்காரன் வேஷம் கட்டுகிறேன், அதாவது ராஜா வருவதைச் சொல்லி, நடுநடுவே ஜனத்தைச் சிரிக்க வைக்கிற கோமாளி. எங்கள் நைனா மிருதங்கம் வாசித்தவர். போன மாசம் செய்யாறு பக்கத்திலிருந்து ஒரு பையன் போன் செய்தான். வேறு ஜமாவில், அதாவது வேறு கூத்துக் குழுவில், பெண் வேஷம் கட்டுகிறவன். தேர்தலுக்கு வேஷத்தோடு வரச் சொல்லி ஒரு கட்சிக்காரர் கூப்பிடுகிறார், நாளைக்கு இரண்டாயிரம் தருகிறாராம், போகலாமாண்ணே என்று கேட்டான். அரை மணி நேரம் பேசியும் எனக்குச் சொல்லி மாளவில்லை. அவனுக்காகத்தான் இதை எழுதுகிறேன். எனக்கு அன்றைக்கு யாராவது சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

எங்கள் பிழைப்பு எப்படி என்று தெரியாதவர்களுக்குக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். பங்குனி பிறந்தால் திரௌபதி அம்மன் கோயில்களில் அக்னி வசந்தம் என்கிற பாரதத் திருவிழா ஆரம்பிக்கும். மதியம் பாரதப் பிரசங்கம், ராத்திரி கூத்து. பகடை துகில், அர்ச்சுனன் தபசு என்று கதை நகர்ந்து பதினெட்டாம் போரில் முடியும். மறுநாள் காலை துரியோதனன் விழுகிற படுகளம், சாயந்திரம் தீமிதி. ஒரு ஊர் முடிந்தால் மூட்டையைக் கட்டிக்கொண்டு அடுத்த ஊர். ஆடி வரைக்கும் இதுதான் எங்கள் அறுவடை. மிச்ச மாசங்களில் அந்தப் பணத்தைத்தான் உட்கார்ந்து தின்கிறோம். தை, மாசியிலேயே விழாக்குழுக்காரர்கள் தட்டில் வெற்றிலை பாக்கும் முன்பணமும் வைத்துத் தேதி எடுத்துவிட்டுப் போவார்கள். 2019இல் மட்டும் நான் 84 ராத்திரி வேஷம் கட்டினேன். அடுத்த இரண்டு சீசனையும் கொரோனா விழுங்கிவிட்டது. 2021 செப்டம்பரில் எனக்கு 60,000 ரூபாய் கடன், மூணு வட்டி.

அந்த நேரத்தில்தான் ஊரக உள்ளாட்சித் தேர்தல் வந்தது. புதிதாகப் பிரித்த மாவட்டங்களுக்கெல்லாம் சேர்த்து 2021 அக்டோபர் 6, 9 தேதிகளில் வாக்குப்பதிவு. ஒரு வேட்பாளரின் ஆள் வீட்டுக்கே வந்தார். ஆறு நாள், நாளைக்கு 2,000. கட்டியங்காரன் வேஷத்தில் ஜீப்பில் நின்று பேச வேண்டும், அவ்வளவுதான். எனக்கு எந்தக் கட்சி மேலும் பெரிய பிடிப்பு கிடையாது. அரிசிக்குப் பணம் வேண்டும், ஒன்றரை வருஷமாகப் பூட்டிக் கிடந்த வாய்க்கும் வேலை வேண்டும். சரி என்றுவிட்டேன். அந்த ஆறு நாளும் சந்தோஷமாகத்தான் இருந்தேன் என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்.

என் வினை ஒரு வசனத்தில் இருந்தது. கூத்தில் துரியோதனன் திரை விட்டு வந்ததும் கட்டியங்காரனைக் கூப்பிட்டு, நாட்டில் மாதம் மும்மாரி பெய்கிறதா என்று கேட்பார். எல்லா ஜமாவிலும் உள்ள கேள்விதான். பதில்தான் கட்டியங்காரனின் கெட்டிக்காரத்தனம். நான் பல வருஷமாகச் சொல்லிவந்த பதில் இது: "பெய்யுது ராஜா. பாலாறு மட்டும் ஊர்ல இல்ல. லாரி ஏறி வெளியூர் போயிகீது." லாரி என்றதும் எங்கள் ஆர்மோனிய அண்ணன் கட்டையில் ஒரு இழுப்பு இழுப்பார், லாரி கியர் மாற்றுகிற மாதிரி. ஜனம் விழுந்து விழுந்து சிரிக்கும். களரியில், கூத்து நடக்கிற இடத்தில், அது பொதுச் சிரிப்பு. மணல் எடுக்கிறவனும் முன்வரிசையில் உட்கார்ந்து சிரிப்பான். ஜீப்பில் நின்று ஒரு கட்சிக் கொடிக்குக் கீழே அதையே சொன்னபோது எதிர்வேட்பாளரின் முகத்துக்கு நேரே விரல் நீட்டியதாக ஆகிவிட்டது. யாரோ செல்போனில் பிடித்து வாட்ஸ்அப்பில் விட்டார்கள். என்னைக் கூப்பிட்டவர் தோற்றார். பேசிய 12,000இல் எனக்கு வந்தது 8,000. அடுத்த மாசமே, 2021 நவம்பரில், பாலாறு கரைபுரண்டு வந்தது. "மாமா, வெளியூர் போன ஆறு திரும்பி வந்துட்சு, உன் வசனம் பொய்யாப் பூட்ச்சு" என்று மச்சான் சிரித்தான். நானும் சிரித்தேன்.

2022 மாசியில் முதல் போன். "இந்த வருசம் பசங்க பாட்டுக் கச்சேரி வெக்கணும்னு ஒத்தக் கால்ல நிக்கிறாங்கப்பா, அடுத்த வருசம் பார்க்கலாம்." நம்பினேன். நாலு நாள் கழித்து வேறு ஊர்: கோயிலில் வேலை நடக்கிறதாம். மூன்றாவது ஊரில் தர்மகர்த்தா போனையே எடுக்கவில்லை. நான்காவது ஊரில் நோட்டீஸ் அடித்தே விட்டார்கள். அங்கே என் பெரியம்மா மகள் வாழ்க்கைப்பட்டிருக்கிறாள், கோயில் சுவரில் ஒட்டும் முன்னால் ஒன்றை எடுத்து அனுப்பினாள். நடிகர்கள் பட்டியலில் கட்டியங்காரன் என்கிற இடத்துக்கு எதிரே வெள்ளைக் காகிதத் துண்டு ஒட்டியிருந்தது. நகத்தால் சுரண்டினேன். கீழே என் பேர். ஐந்நூறு நோட்டீசிலும் யாரோ பொறுமையாக உட்கார்ந்து பசை தடவி ஒட்டியிருக்கிறார்கள். கோபத்தைவிட எனக்கு அந்தப் பொறுமைதான் வயிற்றைக் கலக்கியது.

இதிலிருந்து நான் கற்றதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஒதுக்கிவைப்பவன் ஒதுக்கிவிட்டேன் என்று வந்து சொல்ல மாட்டான். பட்டியல் என்று ஒரு காகிதமும் இருக்காது. அடுத்த வருஷம் பார்க்கலாம் என்கிற ஒரே வார்த்தைதான் வரும், அதுவும் நல்ல மனுஷர்கள் வாயிலிருந்து, வருத்தத்தோடு. ஒரு ஊர் சொன்னால் அது அந்த ஊரின் சங்கதி. பதினைந்து நாளுக்குள் மூன்று ஊர் அதே வார்த்தையைச் சொன்னால் எங்கேயோ முடிவாகிவிட்டது என்று எடுத்துக்கொள்ளுங்கள். அன்றைக்கே வேறு வேலை தேடுங்கள். நான் காரணம் தெரியட்டும் என்று பங்குனி முழுக்கத் திண்ணையில் உட்கார்ந்திருந்தேன். கடன் 85,000 ஆனது.

எங்கள் ஜமாவை நடத்துகிற வாத்தியாரைப் பற்றி எழுதுவதா வேண்டாமா என்று ரொம்ப யோசித்தேன். முதலில் அவர் என் பக்கம் நின்றார். "அவன் இல்லாத களரிக்கு நாங்க வரமாட்டோம்" என்று இரண்டு ஊருக்குச் சொல்லி அந்த இரண்டு ஊரையும் இழந்தார். ஜமாவுக்கு ராத்திரிக்கு 28,000, அதில் பதினாலு பேர் சாப்பிட வேண்டும். சித்திரை பிறக்கும் முன்னால் கலவை கூட்ரோட்டு டீக்கடைக்கு என்னை வரச் சொன்னார். டீயைக் குடிக்காமல் கிளாசைச் சுற்றிக்கொண்டே இருந்தார். "பதிமூணு பேர் வீட்ல உலை வெக்கணும்பா. நான் இன்னா சொல்றது, நீயே சொல்லு." நான் என்ன சொல்ல? "நீங்க போங்க வாத்தியாரே" என்றேன். ஒரு வருஷம் அவரைத் துரோகி என்றுதான் மனசுக்குள் திட்டிக்கொண்டிருந்தேன். பிறகுதான் உறைத்தது. ஜீப்பில் ஏறும் முன்னால் நான் அவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை. அந்தக் கூம்புக் குல்லாவும் முகத்தில் பூசின வெள்ளையும் என் சொத்து என்று நினைத்துவிட்டேன். ஜனம் பார்த்தது ஜமாவின் கட்டியங்காரனை. நான் வாங்கியது எட்டாயிரம், பழி பதினாலு பேருக்கு. ஆகவே தம்பி, பிரசாரத்துக்குப் போவதும் போகாததும் உன் உரிமை. போனால் உன் முகத்தோடு, வேட்டி சட்டையோடு போ. வேஷத்தோடு போவதானால் ஜமாவில் எல்லாரையும் உட்கார வைத்துக் கேட்டுவிட்டுப் போ.

அடுத்துச் செய்த முட்டாள்தனம், மன்னிப்பு கேட்கப் போனது. ஜெயித்தவர் வீட்டு வராந்தாவில் மூன்று முறை காத்திருந்தேன். மூன்றாவது முறை அவருடைய ஆள் ஒருத்தர் வந்து, தலைவர் கோபமாக இல்லை, நீ வருத்தம் தெரிவித்து ஒரு நிமிஷம் வீடியோ பேசு, எல்லாம் சரியாகிவிடும் என்றார். பேசினேன். கை கட்டிக்கொண்டு பேசினேன். அதுவரைக்கும் விஷயமே தெரியாத ஊர்களுக்கெல்லாம் அந்த வீடியோ போனது. "தப்பு பண்ணாம ஏன் மன்னிப்பு கேட்டான்" என்று பேச்சு. என் பெரிய பெண் பள்ளிக்கூடத்திலிருந்து வந்து அன்றைக்குச் சாப்பிடவில்லை. பணத்தையெல்லாம் கணக்குப் போட்டுவிட்டேன், இதை மட்டும் இன்னும் எந்தக் கணக்கில் எழுதுவது என்று தெரியவில்லை. நேரில் பேசி முடிவதானால் பேசுங்கள். வீடியோ கேட்டால் எழுந்து வந்துவிடுங்கள்.

வைகாசியில் ஒரு ஊர்க்காரர்கள் துணிந்து என்னையும் சேர்த்துக் கூப்பிட்டார்கள். ஸ்டேஷனில் மைக் செட்டுக்கு அனுமதி இழுத்தடித்தார்கள். அப்போதுதான் வேலூர் சத்துவாச்சாரி கோர்ட்டில் ஒரு வக்கீலைப் போய்ப் பார்த்தேன். பீஸ் வாங்காத மனுஷர், ஆனால் நிறையப் பேசுவார். அவர் சொல்லித்தான் தெரியும். நாடகம் போடுகிறவன் வசனத்தை முன்கூட்டி அதிகாரியிடம் காட்ட வேண்டும் என்று 1954இல் ஒரு சட்டம் இருந்திருக்கிறது. எழுத்தாளர் ஞாநி வழக்குப் போட்டு, 2013இல் சென்னை உயர் நீதிமன்றம் அது செல்லாது என்று சொல்லிவிட்டதாம். "அதனால உன் பாலாறு வசனத்தை எவனும் சட்டத்தக் காட்டி நிறுத்த முடியாது. ஆனா உன்ன நிறுத்த வசனம் எதுக்கு? மைக் போதும்" என்றார். 2000ஆம் வருஷத்து ஒலி மாசு விதிப்படி ராத்திரி 10 மணியிலிருந்து காலை 6 மணி வரை திறந்த வெளியில் ஒலிபெருக்கி கூடாது. திருவிழாக்களுக்கு வருஷத்தில் 15 நாளுக்கு மிகாமல் 12 மணி வரைக்கும் அரசு விலக்கு தரலாம். கூத்து ஆரம்பிப்பதே பத்து மணிக்கு, மங்களம் பாடுவது ஆறு மணிக்கு. நம்ம நேரத்தை அளந்து வைத்துத்தான் விதி எழுதினார்களோ என்று தோன்றும். இத்தனை வருஷமும் பார்த்தும் பார்க்காமல் விட்டதால்தான் ஆடிக்கொண்டிருந்தோம். பார்க்க வேண்டும் என்று ஒருத்தர் சொல்லிவிட்டால் போதும்.

வக்கீல் சொன்ன வழியைச் சொல்கிறேன். அனுமதி மனுவை விழாக்குழு பேரில் எழுதி, முன்கூட்டியே கொடுத்து, நகலில் முத்திரையோடு கையெழுத்து வாங்க வேண்டும். வாய்வார்த்தையாக இல்லை என்று சொன்னால், எழுத்தில் தரச் சொல்லிக் கேட்க வேண்டும். எழுத்தில் இருந்தால்தான் மேலே போக முடியும். பெட்டி ஸ்பீக்கரைக் களரியைப் பார்த்துத் திருப்பி, சத்தத்தைக் குறைத்து வைத்தால் பாதித் தகராறு வராது. நாங்கள் அந்த ஊரில் 12 மணிக்கு மைக்கை நிறுத்திவிட்டு வெறும் தொண்டையில் ஆடினோம். எங்கள் நைனா காலத்தில் அப்படித்தான் ஆடியிருக்கிறார்கள். விடியும்போது எனக்குக் குரலே இல்லை.

முன்பண விஷயமும் அதே மாதிரிதான். வெற்றிலை பாக்குக்கு இருக்கிற மரியாதையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனாலும் தேதி, தொகை, என்ன கூத்து, யார் யார் வேஷம், ரத்து செய்தால் எத்தனை நாள் முன்னால் சொல்ல வேண்டும், முன்பணம் யாருக்கு, இவ்வளவையும் ஒரு தாளில் எழுதி இரண்டு பக்கமும் கையெழுத்துப் போட்டுக்கொள்ளுங்கள். அதுகூடக் கூச்சமாக இருந்தால் "இன்ன தேதிக்கு இன்ன தொகைக்குப் பேசினோம், சரிதானே" என்று ஒரு வாட்ஸ்அப் போட்டு, சரி என்று பதில் வாங்கி வையுங்கள். எங்களுக்கு ரத்தான ஊர்களில் ஒன்றிரண்டு முன்பணத்தையே திருப்பிக் கேட்டன. காட்டுவதற்கு எங்களிடம் ஒன்றும் இல்லாததால் கொடுத்தோம்.

ஆனியிலிருந்து ராணிப்பேட்டை சிப்காட்டில் ஒரு தோல் தொழிற்சாலையில் மூட்டை தூக்கினேன், நாளைக்கு 450. அதைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை, நாற்றம் பழகிவிடும். அதற்கு முன்னால் செய்த தப்பைச் சொல்ல வேண்டும். வட்டி கட்ட என் டிவிஎஸ் எக்ஸெல் வண்டியை 14,000க்கு விற்றேன். கூத்துக்காரனுக்கு வண்டி போனால் கால் போன மாதிரி. ராத்திரி பதினோரு மணிக்கு ஆள் வரவில்லை என்று எங்கிருந்தாவது கூப்பிடுவார்கள். வண்டி இல்லாததால் நாலைந்து ராத்திரி போனது. பாத்திரத்தை விற்றாலும் வண்டியை விற்காதீர்கள். நாட்டுப்புறக் கலைஞர்கள் நல வாரியம் 2007இலிருந்து இருக்கிறது. நான் அட்டை எடுத்துவிட்டுப் புதுப்பிக்காமல் டிரங்குப் பெட்டியில் போட்டு வைத்திருந்தேன். அதனால் பெண்ணின் படிப்பு உதவிக்குக்கூட விண்ணப்பிக்க முடியவில்லை. என் சோம்பேறித்தனம், வேறு யாரையும் குறை சொல்வதற்கில்லை.

என்னைத் தூக்கி நிறுத்தியது சாவு. இப்படிச் சொன்னால் வீட்டுக்காரி திட்டுகிறாள், ஆனால் உண்மை அதுதான். எங்கள் பக்கம் காரியத்து ராத்திரி, கர்ணன் சாவைச் சொல்கிற கர்ண மோட்சம் கூத்து வைக்கிற வழக்கம் உண்டு. 2022 ஆடியில் கீழ்மின்னல் பக்கத்திலிருந்து ஒரு அம்மா போன் செய்தார். "எங்க ஊட்டுக்காரர் உன் காமெடி பார்த்துட்டுச் சிரிச்சிகினே பொழுது விடிஞ்சு வருவாருப்பா. நீ வந்தாத்தான் அவருக்குக் காரியம்." போனேன். துக்க வீட்டு வாசலில் கர்ணன் பெண்டாட்டி பொன்னுருவி வேஷத்திடம் வம்பு பண்ணிக்கொண்டு நிற்கும்போது அந்த அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார், கண்ணில் தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது. கோயில் கூத்தை விழாக்குழு முடிவு செய்யும், குழுவில் கட்சிக்காரர்கள் இருப்பார்கள். காரியக் கூத்தை முடிவு செய்வது மகனும் மருமகளும். அங்கே எவருடைய போனும் எட்டாது. இது புரிந்த பிறகு நான் தெரிந்த பம்பைக்காரர்கள், பந்தல் போடுகிறவர்கள், சங்கு ஊதுகிறவர்களிடம் எல்லாம் என் நம்பரைக் கொடுத்து வைத்தேன். ஒரு வாசல் மூடினால், அந்த வாசலுக்குச் சாவி வைத்திருக்கிறவன் கை எட்டாத வாசல் எது என்று பாருங்கள்.

இன்னொரு வாசல் சித்தூர்ப் பக்கம். ஆந்திரா என்றாலும் தமிழ் பேசுகிற ஊர்கள் நிறைய, தர்மராஜா கோயில்களில் பாரதம் நடக்கும். காட்பாடிப் பக்கத்து ஜமா ஒன்று என்னைச் சேர்த்துக்கொண்டது, நோட்டீசில் பேர் போடாமல். வக்கீலிடம் இதைச் சொல்லி வருத்தப்பட்டபோது அமெரிக்கக் கதை ஒன்று சொன்னார். 1947இலிருந்து அங்கே கம்யூனிஸ்ட் என்று சந்தேகப்பட்ட சினிமாக்காரர்களை ஒதுக்கி வைத்தார்களாம். டால்டன் டிரம்போ என்ற கதாசிரியர் வேறு பெயரில் எழுதிய கதைக்கு ஆஸ்கர் விருதே கிடைத்தும், போய் வாங்க முடியவில்லையாம். அவர் பேர் மறுபடி திரையில் வந்தது 1960இல். "பதிமூணு வருஷம்" என்றார் வக்கீல், எனக்கு ஆறுதல் சொல்வதாக நினைத்துக்கொண்டு. நம்ம ஊரிலேயே 2011 தேர்தலில் பிரசாரத்துக்குப் போன வடிவேலுவுக்கு அதற்கப்புறம் படங்கள் குறைந்துபோனதை எல்லாரும் பார்த்தோம். அவ்வளவு பெரிய ஆளுக்கே அப்படி. அவருக்காவது பழைய காமெடி தினமும் டிவியில் ஓடிக்கொண்டிருந்தது. கூத்துக்காரன் இந்த வருஷம் களரியில் நிற்காவிட்டால் அவன் இருந்ததற்கே சாட்சி கிடையாது.

கணக்கு இதுதான். 2019இல் 84 ராத்திரி. 2022இல் எல்லாம் சேர்த்து 13, 2023இல் 21. என் பங்கு ராத்திரிக்கு 1,300 வீதம் போட்டால் இரண்டு வருஷத்தில் ஏறக்குறைய 1,74,000 ரூபாய் போனது. வாங்கியது எட்டாயிரம். கடைசிக் கடனை 2024 தையில் அடைத்தேன். அந்த மாசியில் வாத்தியார் என்னை மறுபடி ஜமாவுக்குக் கூப்பிட வீட்டுக்கு வந்தார். காரணம் எதுவும் சொல்லவில்லை. உள்ளூரில் கட்சிக்குள்ளேயே கோஷ்டி மாறிவிட்டது, என்மேல் கோபப்பட யாருக்கும் நேரமில்லை என்று பிற்பாடு தெரிந்தது. ஒதுக்கினபோதும் சொல்லவில்லை, விட்டபோதும் சொல்லவில்லை.

ஆனியில் ஆற்காட்டுக்குக் கிழக்கே, பாலாற்றங்கரை ஊர் ஒன்றில் பகடை துகில். அந்தக் கரையில் நான் வேஷம் கட்டிப் பல வருஷம் ஆகியிருந்தது. நல்ல கூட்டம். துரியோதனன் திரை விட்டு வந்து, "கட்டியங்காரா, நாட்டில் மாதம் மும்மாரி பெய்கிறதா?" என்றார். "பெய்யுது ராஜா" என்றேன். ஆர்மோனிய அண்ணன் விரலைக் கட்டையில் வைத்துக்கொண்டு தயாராக இருந்தார். எனக்கு அடுத்த வரி நாக்கு நுனியில் இருந்தது. யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை, முன்வரிசையில் கரைவேட்டிகூட இல்லை. "ஊரெல்லாம் நெல்லு வெளஞ்சி கெடக்குது ராஜா" என்று சொல்லிவிட்டு அடுத்ததற்குப் போய்விட்டேன். அண்ணன் நிமிர்ந்து பார்த்தார். இரண்டு தாளம் சும்மா போனது. பிறகு பாட்டை எடுத்துவிட்டார்.

விடிந்து வேஷம் கலைக்கும்போது தேங்காய் எண்ணெய்ப் பாட்டிலை என் பக்கம் தள்ளினார். "இன்னாப்பா, லாரிய மறந்துட்டியா?"

"ஆமாண்ணே" என்றேன்.